பெயர் வந்த விதம்

எங்கள் சலவை நிலையத்தில் இருபத்திரண்டு பேர் வேலை பார்த்தோம். அதில் பத்தொன்பது பேருக்குப் பெயர் வைத்தவன் நான். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பதிவேட்டில் தூங்கும். கூப்பிடுவதற்கு நான் வைத்ததுதான். கண்ணாடி ஜன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்து எங்களையே முறைத்துக்கொண்டிருந்த சூப்பர்வைசர் ‘ஜன்னல்’. விரிப்புகளுக்குக் கஞ்சி போடும், பேச்சிலும் அதே விறைப்புக் காட்டும் அம்மாள் ‘மொடமொட’. இஸ்திரி உருளையின் சூட்டிலேயே நின்று முகமெல்லாம் கோடு விழுந்த பெரியவர் ‘சுருக்கம்’. எனக்கு மட்டும் அவர்களாகச் சேர்ந்து ஒன்று வைத்தார்கள்: ரேடியோ. வாய் ஓயாதாம்.

இதில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு, ஒளிப்பானேன். பிறந்த குழந்தைக்குப் பெயர் வைக்கிறவர்களுக்கு அதைப் பற்றி என்ன தெரியும்? வெற்றி என்று பொருள் வரும்படி வைப்பார்கள்; அது எட்டாம் வகுப்பில் மூன்று முறை உட்காரும். அமைதி என்று வைப்பார்கள். அது வாயைத் திறந்தால் தெருவே காதைப் பொத்திக்கொள்ளும். பட்டப்பெயர் அப்படியில்லை. ஆளைப் பார்த்து, பழகி, அளவெடுத்துத் தைக்கிற சட்டை அது. இப்படித்தான் நாலு பேரிடம் பெருமையடித்துக்கொண்டு திரிந்தேன், பூட்டின் மகள் வந்து கதவைத் தட்டும் வரை.

பூட்டு என்றால் துணி மடிக்கும் மேசையில் நின்றவன். நான் துவைக்கும் டிரம்மைப் பார்த்துக்கொள்பவன். டிரம் ஓடுகிற நேரத்தில் நான் அவனிடம் போய் விரிப்பின் மறுமுனையைப் பிடிப்பேன். பெரிய விரிப்பை ஒருவனாக மடிக்க முடியாது. இரண்டு பேர் எதிரெதிரே நின்று, உதறி, நடந்து வந்து கைக்குக் கை கொடுத்து, மறுபடி பின்னால் போக வேண்டும். அப்படி ஒரு நாளைக்கு முந்நூறு தடவை நானும் அவனும் நெருங்கி நெருங்கி விலகியிருக்கிறோம். இருவரும் ஓய்வு பெற்று ஐந்து வருடம் ஆகிறது. இப்போதும் அவன் என்னை ‘டேய்’ என்பான், நான் அவனை ‘டேய்’ என்பேன்.

அவன் மகள் வீடுகளுக்கு மின்கம்பி இழுக்கும் வேலை செய்கிறாள். தோளில் மூன்று மாதக் குழந்தை, கக்கத்தில் ஒரு கோப்பு. உட்காரக்கூட இல்லை.

“மாமா, ஒரு கையெழுத்து வேணும். கையெழுத்து மட்டும் போதாது, கூட ஒரு கதையும் வேணும்.”

“கதைக்கா பஞ்சம்? உக்காரு முதல்ல.”

குழந்தையை என் மனைவியிடம் கொடுத்துவிட்டுப் படிவத்தை எடுத்து விரித்தாள். “பிறப்பப் பதியப் போனா புதுசா ஒரு கட்டம் வச்சிருக்காங்க மாமா. குடும்பப் பேராம். செய்யிற தொழில் பேரா இருக்கலாம், பூர்வீக ஊர் பேரா இருக்கலாம், தாத்தா பேரா இருக்கலாம், இல்லன்னா நாலு பேரு வழக்கமா கூப்பிடுற பேரா இருக்கலாமாம். எங்களுக்கு எது இருக்கு? பூட்டு வீடுன்னாத்தான் தபால்காரருக்கே தெரியும். பள்ளிக்கூடத்துல நான் பூட்டுப் பொண்ணு. இப்ப வேலைக்குப் போற எடத்துல பூட்டக்கா. அதையே போட்டுறலாம்னு முடிவு பண்ணிட்டேன்.”

“நல்ல பேருதான்” என்று என் மனைவி குழந்தையிடம் சொன்னாள்.

“ஆனா கூப்பிடுற பேருன்னா சும்மா எழுதிற முடியாதாம். குடும்பத்துல இல்லாத ஒரு ஆளு, அந்தப் பேரு ஆரம்பத்துலேர்ந்து தெரிஞ்ச ஆளு, அது எப்படி வந்துச்சுன்னு எழுதிக் குடுக்கணும். அதிகாரி எல்லாரு முன்னாலயும் வாசிச்சுக் காட்டுவாரு. அப்புறம் கையெழுத்து. அப்பாகிட்டக் கேட்டேன். ஸ்டோர் ரூமப் பூட்டுற பொறுப்பு அவர்கிட்டத்தான் இருந்துச்சாமே? அவ்வளவு நம்பிக்கையாம் அவர் மேல. அதனால வந்த பேருன்னாரு. எழுதணும்னா ரேடியோகிட்டப் போ, வச்சது அவன்தான்னு அனுப்பிட்டாரு.”

கட்டத்தின் மேலே அச்சில் இருந்தது: பெயர் வந்த விதம். கீழே ஐந்து கோடுகள். என் காது சூடாவது எனக்கே தெரிந்தது. “வச்சிட்டுப் போ, எழுதித் தரேன்” என்றேன். அவள் போன பிறகு பேனாவைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். “ஊருக்கெல்லாம் பேர் வச்ச மனுஷனுக்கு அஞ்சு வரி எழுத இந்தப் பாடா?” என்று மனைவி கிண்டலடித்தாள். நான் அவள் மேல் எரிந்து விழுந்தேன். அவள் என்ன பாவம் செய்தாள்.

நடந்தது இதுதான். முப்பத்தோரு வருடத்துக்கு முந்தைய ஒரு திங்கட்கிழமை. புது விரிப்பும் சோப்புத்தூளும் இருக்கும் ஸ்டோர் ரூமுக்கு ஒரே ஒரு சாவி. அது கைக்குக் கை மாறும். அன்று காலை நான் திறந்து சோப்புத்தூள் எடுத்தேன், பூட்டினேன். மத்தியானம் சாவியைக் காணோம். ஜன்னல் வெளியே வந்து “கடைசியா யாரு கையில?” என்றான். மடிப்பு மேசையில் அவன் கையில் கொடுத்தது எனக்குக் கண்ணில் நின்றது. சத்தியமாக நின்றது. “இவன்கிட்டக் குடுத்தேன்” என்றேன்.

அவன் விழித்தான். அப்போது அவனுக்கு முதல் குழந்தை பிறந்து இரண்டு மாதம். குழந்தை அழுது அழுது வீட்டில் யாருக்கும் தூக்கம் கிடையாது. மேசையில் நின்றபடியே கண் சொருகுவான். “குடுத்தியா?” என்று என்னையே கேட்டான். “குடுத்தேன்டா, மறந்துட்டியா?” என்றேன். அதற்கு மேல் அவன் வாதாடவில்லை.

எல்லோர் முன்னாலும் அவன் சட்டைப் பையையும் கால்சட்டைப் பையையும் வெளியே இழுத்துவிடச் சொன்னான் ஜன்னல். செருப்பைக் கழற்றிக் காட்டச் சொன்னான். சாப்பாட்டுப் பையைக் கவிழ்த்தான். உள்ளேயிருந்து கைக்குழந்தையின் ஒற்றைக் காலுறை விழுந்தது. எப்படியோ வீட்டிலிருந்து சேர்ந்து வந்துவிட்டது. நாங்கள் சிரித்தோம். நானும் சிரித்தேன். அப்புறம் கதவை உடைத்து இருப்பை எண்ணினார்கள். ஆறு விரிப்பு குறைந்தது. எந்த நாள் எண்ணினாலும் நாலோ ஐந்தோ குறையும், அது எல்லோருக்கும் தெரியும். ஆனால் அன்றைக்கு எண்ணியதால் அந்த ஆறும் அவன் தலையில் விழுந்தது. பத்து நாள் வேலைக்கு வராதே என்று அனுப்பிவிட்டார்கள். மறுநாள் ஸ்டோர் கதவில் பெரிய புதுப் பூட்டு தொங்கியது.

சலவைக்காரனுக்கு முதல் பாடம், துணியை டிரம்மில் போடும் முன் பாக்கெட்டைப் பார்ப்பது. எங்கள் இடத்தில் அது ஒரு கூச்சலாகவே இருந்தது. மூட்டை பிரிப்பவன் “பாக்கெட் பாத்தாச்சா?” என்பான், நான் “பாத்தாச்சு!” என்பேன். மோதிரம், பேனா, காதல் கடிதம், பல் செட் எல்லாம் பிடித்திருக்கிறேன். ஊர்க்காரர்களின் பாக்கெட்டை எல்லாம் துழாவுகிற கை, தன் பாக்கெட்டுக்குள் போகாது. சனிக்கிழமை கடைசி டிரம்மில், வேலை நேரத்தில் நாங்கள் மாட்டியிருக்கும் நீலக் கோட்டுகளைப் போடுவோம். அந்தச் சனிக்கிழமை டிரம் சுற்றச் சுற்ற உள்ளே டிங், டிங் என்று ஒரு சத்தம். கதவைத் திறந்து ஒவ்வொரு கோட்டாக உதறினேன். என் கோட்டின் உள் பாக்கெட்டிலிருந்து ஸ்டோர் சாவி விழுந்தது. சோப்பில் குளித்துப் பளபளவென்று இருந்தது.

பக்கத்தில் யாருமில்லை. ஜன்னலின் அறைக்கு இருபதடி. நான் அந்த இருபதடியை நடக்கவில்லை. பூட்டுத்தான் மாற்றியாயிற்றே, இனி இந்தச் சாவியால் யாருக்கு என்ன லாபம் என்று எனக்கு நானே நியாயம் பேசினேன். தண்ணீர் ஓடும் கால்வாயின் கம்பி மூடியைத் தூக்கி, சாவியைப் போட்டு, மூடினேன். தொப்பென்ற அந்தச் சத்தம் இப்போதும் கேட்கிறது.

பத்து நாள் கழித்து அவன் வந்தான். யாரும் முகம் கொடுக்கவில்லை. மேசையில் தனியாக ஒரு விரிப்பைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான். மறுமுனையைப் பிடிக்க ஆள் வரவில்லை. எனக்குத் தாங்கவில்லை. “வாங்கய்யா பூட்டு! உன் புண்ணியத்துல ஸ்டோருக்குப் புதுப் பூட்டு வந்துச்சு!” என்று கத்திக்கொண்டே போய் மறுமுனையைப் பிடித்தேன். எல்லோரும் கொல்லென்று சிரித்தார்கள். அவனும் சிரித்தான். சிரிப்பில் எல்லாம் கலைந்து பழையபடி ஆயிற்று. அன்றிலிருந்து அவன் பூட்டு. அப்போது நான் அவனைக் காப்பாற்றியதாகவே நினைத்துக்கொண்டேன். என்ன ஜென்மம் நான்.

படிவம் மூன்று நாள் என் மேசையில் கிடந்தது. நான்காம் நாள், அதிகாரியைப் பார்க்க வேண்டிய நாளுக்கு முந்தின நாள், சொல்லிவிடுவது என்று அவன் வீட்டுக்குப் போனேன். அவன் வாசல் படியில் உட்கார்ந்திருந்தான். கதவு பூட்டியிருந்தது.

“என்னடா வெளிய?”

“என் சம்சாரம் கடைக்குப் போயிருக்கா. சாவி அவகிட்ட.”

“உன்கிட்ட ஒண்ணு வச்சுக்க வேண்டியதுதானே?”

அவன் சிரித்தான். “அது தெரிஞ்ச கதைதானேடா. நான் சாவியக் கையால தொட்டு முப்பது வருஷம் ஆச்சு. மழையில கூட ஒருநாள் ரெண்டு மணி நேரம் நின்னேன், என் பொண்ணு திட்டுனா. எனக்கு நம்பிக்கை இல்லடா, என் கை மேல. அன்னிக்கி நீ குடுத்த சாவிய எங்க வச்சேன்னு இன்னிக்கி வரைக்கும் தேடிட்டுத்தான் இருக்கேன். தூங்கப் போகும்போது தேடுவேன். மேசைக்கடியில, மூட்டையில, கழிப்பறையில. கெடைக்கவே இல்ல.”

நான் படியில் அவனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

“பொண்ணுகிட்ட வேற மாதிரி சொல்லிட்டேன்” என்றான் குரலைத் தாழ்த்தி. “சின்னப் பிள்ளையில கேட்டா. அப்பன் சாவியத் தொலைச்சவன்னு எப்படிச் சொல்றது? அதுலயும் அந்த ஆறு விரிப்பு வேற. நீ அப்படியே எழுதிருடா. தப்புதான், எனக்காக எழுது.” என் முழங்காலில் கை வைத்தான். “உன்கிட்ட ஒண்ணு சொன்னதே இல்ல. அன்னிக்கி எல்லாரும் என்னத் திருடனாப் பாத்தாங்க. நீ ஒருத்தன்தான் அத சிரிப்பாக்கி விட்ட. திருடன்னு ஒட்ட வேண்டிய எடத்துல பூட்டுன்னு ஒட்டிக்கிச்சு. அதனாலதான் நான் அங்க மறுபடி தலைநிமிந்து நின்னேன். பொண்ணப் படிக்க வச்சேன். அந்த நன்றி எனக்கு உண்டு.”

சொல்லத்தான் வந்தேன். அவன் கை என் முழங்காலில் இருந்தது; அதைத் தட்டிவிட்டு ஓட வேண்டும்போல இருந்தது. “சரிடா, எழுதிடறேன்” என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டேன். வீட்டுக்கு வந்து ஐந்து கோட்டையும் நிரப்பினேன். மணிமணியான கையெழுத்தில், மூன்றே நிமிடத்தில்.

பதிவு அலுவலகத்தில் ஒரு நீள மேசை, நான்கு நாற்காலி, சுவரோரம் காத்திருக்கும் ஏழெட்டுப் பேர். அதிகாரி கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கி, வாங்கிய படிவத்தை உணர்ச்சியே இல்லாமல் சத்தமாக வாசித்தார். “மேற்படி நபர் பணியிடத்தில் மிகுந்த நம்பிக்கைக்கு உரியவராக இருந்ததாலும், பண்டக அறையைப் பூட்டும் பொறுப்பு அவரிடமே ஒப்படைக்கப்பட்டிருந்ததாலும், உடன் பணிபுரிந்தோர் அவரைப் பூட்டு என்று அன்புடன் அழைக்கலாயினர்.” கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார். “சரிதானே? சரின்னா கீழ கையெழுத்துப் போடுங்க.”

மகள் அப்பாவைப் பார்த்துச் சிரித்தாள். அவள் மடியில் குழந்தை ஒரு காலில் மட்டும் காலுறையோடு தூங்கியது. நான் பேனா மூடியைத் திறந்தேன்.

“அது சரியில்லீங்க” என்றான் பூட்டு.

எழுந்து நின்றுவிட்டான். வேட்டி நுனியையோ எதையோ தேடுகிற மாதிரி கை அலைந்தது. “மன்னிச்சிருங்க. காயிதத்துல ஏறப்போவுது, அந்தப் பிள்ளை சாகுற வரைக்கும் சுமக்கப்போவுது. பொய்யில ஆரம்பிக்கக் கூடாது. இவன் மேல தப்பில்ல, நான்தான் அப்படி எழுதச் சொன்னேன். ஸ்டோர் சாவி என் கையிலதான் குடுத்தாங்க. நான் தொலைச்சேன். அதனால புதுப் பூட்டு வாங்குனாங்க. கேலியா வந்த பேருதான் அது.” மகள் பக்கம் திரும்பினான். “திருடலம்மா. அது மட்டும் நம்பு. தொலைச்சிட்டேன்.”

சுவரோரம் இருந்தவர்கள் பேச்சை நிறுத்திவிட்டு எங்களைப் பார்த்தார்கள். அன்றைக்கு மடிப்பு மேசையைச் சுற்றி நின்றவர்கள் பார்த்த அதே பார்வை. அவன் பைகள் இரண்டும் வெளியே இழுத்துவிட்ட மாதிரி நின்றான்.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். அவன் எழுந்திருக்காவிட்டால் நான் கையெழுத்துப் போட்டிருப்பேன். போட்டுவிட்டு நன்றாகச் சாப்பிட்டுத் தூங்கியும் இருப்பேன். வாய் திறக்கும் தைரியம் எனக்கு வரவில்லை. அவன்தான் என்னை அந்த இடத்துக்குத் தள்ளினான்.

“அவன் தொலைக்கல” என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. அதிகாரி “சத்தமா” என்றார். “அவன் தொலைக்கல. நான் குடுக்கவே இல்ல. சாவி என் கோட்டுல இருந்துச்சு. சனிக்கிழமை டிரம்முல கெடச்சுது. கால்வாயில போட்டுட்டேன்.”

பூட்டு என்னையே பார்த்தான். கோபம் வரும் என்று காத்திருந்தேன். வந்திருந்தால் எனக்கு எவ்வளவோ சௌகரியமாக இருந்திருக்கும். அவன் முகத்தில் இருந்தது வேறு. எங்கோ தொலைந்த ஒரு பொருளைக் கடைசியில் கண்டுபிடித்தவன் முகம்.

“பாக்கெட் பாக்கலியாடா நீ?” என்றான்.

“பாக்கல.”

“எந்தச் சனிக்கிழமை?”

“நீ வீட்டுக்குப் போன அதே வாரம்.”

அவன் தலையை ஆட்டினான். நாற்காலியில் உட்கார்ந்தான். கணக்குப் போடுகிற மாதிரி விரலை மடக்கினான், பிறகு விட்டுவிட்டான். நான் அவன் காலடியில் விழத் தயாராக இருந்தேன். விழுந்திருந்தாலும் அது எனக்காகத்தான் இருந்திருக்கும்.

மகள் படிவத்தைத் தன் பக்கம் இழுத்தாள். “இந்தப் பேரு வேணாம்பா” என்றாள். “வேற எதாவது போட்டுக்கலாம். எது வேணாலும்.”

“எதுக்கு?” என்றான் அவன். “எழுதும்மா. முப்பத்தோரு வருஷமா நான் தூக்கிச் சுமந்த பேரு. உன்னப் பள்ளிக்கூடத்துல சேத்தது அந்தப் பேரு. அவரு வச்சாருங்கறதுக்காக அது அவரோடது ஆயிடுமா?”

அதிகாரி ஒரு புதுப் படிவத்தை நீட்டினார். இந்த முறை அவரே எழுதினார், நான் சொல்லச் சொல்ல. வாசித்துக் காட்டினார். என் வாழ்க்கையின் அந்தப் பகுதி ஐந்து கோட்டுக்குள் அடங்கி, ஒரு கோடு மிச்சமும் இருந்தது. பெற்றவர்கள் வைத்த பெயரில் கையெழுத்துப் போட்டேன்; கை அதை எழுத மறந்து தடுமாறியது.

வெளியே வந்தோம். படிக்கட்டின் மேல் நின்று பூட்டு மகளிடம் கையை நீட்டினான். அவளுக்குப் புரியவில்லை.

“வீட்டுச் சாவி. உன்கிட்ட ஒண்ணு இருக்குமே.”

அவள் பையைத் துழாவி, வளையத்திலிருந்து ஒரு சாவியைக் கழற்றிக் கொடுத்தாள். அவன் அதை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தான். சட்டைப் பையில் போட்டான். மேலே கையை வைத்துக்கொண்டே ஒவ்வொரு படியாக இறங்கினான்.

“டேய், பூட்டு!” என்று கூப்பிட்டேன்.

நின்றான். திரும்பினான். முகத்தில் வெறுப்பு இல்லை. தெருவில் வழி கேட்பவனிடம் காட்டுகிற மரியாதை இருந்தது.

“சொல்லுங்க” என்றான்.